துரைமார் பெயருக்குப் பொருள் என்ன?



ரப்பர் தோட்டத்தில் பிறந்து வளர்ந்த நமக்குச் சில வெள்ளைக்காரப் பெயர்கள் பள்ளிக்கூடம் போகாமலே மனப்பாடம். ஹாரிசன்ஸ் கிராஸ்பீல்ட், கத்ரி, சைம் டார்பி, டன்லப் என்ற பெயர்கள் தோட்ட வாயிலில் நட்ட பலகைகளிலும் சம்பளச் சீட்டுகளிலும் பல்லாண்டுக் காலம் இருந்தன. லாரியின் சக்கரத்தைப் பார்த்தால் குட்இயர். வீட்டு மூலையில் அம்மா வைத்திருந்த தையல் இயந்திரத்தில் சிங்கர். இவற்றை வாணிப முத்திரைகள் என்றே எண்ணிப் பழகிவிட்டோம். ஆனால் முத்திரைகள் ஆவதற்கு முன்னால் இவை மனிதர்களின் பெயர்கள். அந்த மனிதர்களும் இவற்றைத் தாமாகச் சூட்டிக்கொள்ளவில்லை. பாட்டன் பூட்டன் வழியாக அவர்களுக்கு வந்து சேர்ந்த குடும்பப் பெயர்கள் இவை.

குடும்பப் பெயர் என்பது நமக்குப் பழக்கமில்லாத ஒன்று. முனியாண்டியின் மகன் ராமசாமி. ராமசாமியின் மகன் சுப்பிரமணியம். மூன்று தலைமுறைக்கு மூன்று பெயர். ஸ்மித் வீட்டிலோ மகனும் ஸ்மித், பேரனும் ஸ்மித், அந்தப் பேரனுடைய பேரனும் ஸ்மித். வெள்ளையரிடம் இது ஆதிநாள் தொட்டு இருந்த வழக்கம் என்று நம்மில் பலர் நினைக்கிறோம். அப்படியல்ல. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னே ஆங்கிலேயருக்கும் ஜெர்மானியருக்கும் நம்மைப் போல ஒற்றைப் பெயர்தான் இருந்தது. அது எப்படி மாறியது, மாறிய பெயர்களுக்கு என்ன பொருள் என்பதைத்தான் இன்று உங்களுக்குச் சொல்லப் போகிறேன்.

1066-ஆம் ஆண்டில் பிரான்சின் வடகரையிலிருந்து நார்மானியர் படையெடுத்து வந்து இங்கிலாந்தைக் கைப்பற்றினார்கள். அவர்களோடு வில்லியம், ராபர்ட், ரிச்சர்ட், ஹென்றி என்ற பெயர்களும் வந்தன. ஆள்பவர் பெயரைத் தம் பிள்ளைக்கு வைப்பதிலே மக்களுக்கு என்றும் ஆசை உண்டு. சில தலைமுறைக்குள் பழைய ஆங்கிலப் பெயர்களில் பெரும்பாலானவை மறைந்துபோயின. எங்கு பார்த்தாலும் வில்லியம், எங்கு பார்த்தாலும் ராபர்ட். பிறகு ஜான், தாமஸ் ஆகிய கிறிஸ்தவப் பெயர்களும் சேர்ந்துகொண்டன. ஒரு சின்னக் கிராமத்தில் நான்கு ஜான் இருந்தால் யாரை எப்படிக் கூப்பிடுவது?

பெரட்டுக்களத்தில் நான்கு முனியாண்டி நின்றால் நாம் என்ன செய்வோம்? வேலு மகன் முனியாண்டி என்போம். ஆற்றோரத்து லயத்து முனியாண்டி என்போம். டிரைவர் முனியாண்டி என்போம். குள்ள முனியாண்டி என்று சொல்லி அவரிடம் நன்றாக வாங்கிக் கட்டிக்கொள்வோம். தகப்பன், இடம், தொழில், தோற்றம் என்று வழி நான்குதான். ஆங்கிலேயரும் ஜெர்மானியரும் மூளையைக் கசக்கியும் ஐந்தாவது வழி ஒன்றைக் கண்டதாகத் தெரியவில்லை. அவர்களுடைய குடும்பப் பெயர்களில் மிகப் பெரும்பாலானவை இந்த நான்கில் ஒன்றுக்குள் அடங்கிவிடும்.

ஆனால் இப்படி அழைத்த பெயர் அந்த ஆளோடு போய்விட வேண்டியதுதானே? மகனுக்கும் பேரனுக்கும் அது ஏன் ஒட்டிக்கொண்டது? நிலம் வைத்திருந்த பிரபுக்களுக்குப் பெயர் நிலைப்பதால் இலாபம் உண்டு. தகப்பன் சொத்து மகனைச் சேர அது உதவியது. ஏழைக் குடியானவனுக்கு அப்படி ஒன்றும் இல்லை. அவனுடைய பெயரைப் பிடித்து நிறுத்தியவற்றுள் முக்கியமானவை நிலச்சுவான்தாரின் கணக்கேடும் அரசாங்கத்தின் வரிக் கணக்கும். ஏட்டில் ஒருமுறை எழுதிவிட்டால் அடுத்த முறை எழுதுபவர் அதைப் பார்த்தே எழுதுவார். கிராமத்தில் சும்மா கூப்பிட்ட பெயர் ஏட்டில் உறைந்துபோயிற்று. 1400-ஆம் ஆண்டு வாக்கில் இங்கிலாந்துக் குடும்பங்களில் பெரும்பாலானவற்றுக்கு வழிவழிப் பெயர் அமைந்துவிட்டது. ஜெர்மனியில் தெற்கு, மேற்குப் பகுதிகளின் நகரங்களில் அது சற்று முன்னதாகத் தொடங்கி, மெல்ல மெல்லக் கிராமங்களுக்குப் பரவியது.

வரிக் கணக்கு என்றேன். அதிலே ஒரு கதை இருக்கிறது, கேளுங்கள். 1377, 1379, 1381 ஆகிய ஆண்டுகளில் இங்கிலாந்து அரசு மூன்று முறை தலைவரி விதித்தது. முதல் முறை தலைக்கு நான்கு பென்னி. மூன்றாம் முறை அது மும்மடங்காகிப் பன்னிரண்டு பென்னி ஆயிற்று. பொறுத்துப் பார்த்த குடியானவர்கள் 1381-இல் ஆயிரக்கணக்கில் திரண்டு இலண்டனுக்குள் புகுந்தார்கள். அவர்களுக்குத் தலைமை தாங்கியவன் பெயர் வாட் டைலர். டைலர் என்றால் கூரைக்கு ஓடு வேய்பவர் என்று பொருள். மன்னனோடு பேசச் சென்ற இடத்தில் அவனை வெட்டிக் கொன்றார்கள். அறுநூறு ஆண்டுகள் கழிந்தன. 1990-இல் இங்கிலாந்தில் மீண்டும் தலைவரி என்று மக்கள் பெயரிட்டழைத்த ஒரு வரி வந்தது. மீண்டும் இலண்டன் தெருக்களில் கலகம் மூண்டது. அந்த வரியைக் கொண்டுவந்தவர் பிரதமர் மார்கரெட் தாட்சர். தாட்சர் என்றால் வைக்கோலும் நாணலும் கொண்டு கூரை வேய்பவர்; நம் பேச்சில் சொன்னால் அத்தாப்புக் கூரை போடுபவர். ஓட்டுக்கூரைக்காரன் ஒரு தலைவரியை எதிர்த்து உயிரை விட்டான்; ஓலைக்கூரைக்காரர் பெயரைத் தாங்கியவர் இன்னொரு தலைவரியைப் போட்டு அதே ஆண்டிலே பதவியை விட்டார். சரித்திரம் சில சமயம் இப்படி விளையாடுகிறது.

இனி, தகப்பன் பெயரால் வந்தவற்றைப் பார்ப்போம். ஆங்கிலத்தில் 'சன்' என்றால் மகன். ஹென்றி என்பதை ஊர்ப்பேச்சில் ஹாரி என்பார்கள். ஆகவே ஹாரிசன் என்றால் ஹாரி மகன், அவ்வளவுதான். 1844-இல் லிவர்பூல் நகரில் தேயிலை, காப்பி வாணிபம் தொடங்கி, பின்னாளில் மலாயாவில் பெரும் ரப்பர்த் தோட்டங்களை நடத்திய அந்தக் கம்பெனியின் பெயரில் பாதி, 'ஹாரி மகன்கள்'. மீதிப் பாதியான கிராஸ்பீல்ட், சிலுவை நட்ட வயல் என்ற இடப்பெயர். ஜான்சன் ஜான் மகன். வில்சன் வில்லியம் மகன். ஜான் என்பவனைச் செல்லமாக ஜாக் என்று அழைப்பதால் ஜாக்சனும் ஜான் மகனே. ரிச்சர்டை டிக் என்பார்கள், ஹிக் என்றும் சொல்வார்கள். அதனால் டிக்சன், ஹிக்ஸ். சைம் டார்பியிலுள்ள சைம், சைமன் என்பதன் சுருக்கம். 'சன்' போடாமல் கடைசியில் 'ஸ்' மட்டும் சேர்ப்பதும் உண்டு: ராபர்ட்ஸ், வில்லியம்ஸ். மார்கரெட் தாட்சர் திருமணத்துக்கு முன் மார்கரெட் ராபர்ட்ஸ். மளிகைக் கடைக்காரர் மகள். ஜெர்மனியின் வட பகுதியில் இதே 'சன்' என்பது 'சென்' ஆகி, ஹான்சென், பீட்டர்சென் என்று ஒலிக்கிறது.

தாய் பெயரால் வந்தவையும் சில உண்டு. உலகெங்கும் ஹோட்டல்களின் மேல் மின்னுகிறதே மாரியட் என்ற பெயர், அது மேரி என்பதன் செல்ல வடிவம். என்றோ ஒரு கிராமத்தில் யாரோ ஒரு மேரியின் பிள்ளை என்று அடையாளம் சொல்லப்பட்டவன் வழி அது. இன்னொரு வேடிக்கையும் உண்டு. பெயர் உறைந்துபோன பிறகு, வீட்டில் பிறக்கும் பெண்ணும் ஹாரிசன்தான். ஆறேழு நூற்றாண்டாக எத்தனையோ பெண்கள் 'ஹாரியின் மகன்' என்று கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள்.

இங்கே வேல்ஸ் நாட்டைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். இங்கிலாந்தின் மேற்கே மலையும் நிலக்கரியும் நிறைந்த சின்ன நாடு அது. வேல்ஸ் மக்களின் மொழி வேறு, பெயரிடும் முறையும் வேறு. மகன் என்பதற்கு அவர்கள் 'ஆப்' என்பார்கள். உயிரெழுத்துக்கு முன்னால் அதன் கடைசி ஒலி மெலிந்து ஒலிக்கும். மகளுக்கு வேறு சொல் உண்டு. ரீஸ் என்பவருடைய மகன் ஹவல் என்றால், அவர் 'ஹவல் ஆப் ரீஸ்'. நம் பிறப்புப் பத்திரத்திலும் அடையாளக் கார்டிலும் பெயருக்கும் தகப்பன் பெயருக்கும் நடுவே 'ஏ/எல்' என்று போடுகிறார்களே, மலாய் மொழியில் அனாக் லெலாக்கி, அதாவது மகன்; பெண்ணுக்கு 'ஏ/பி', அனாக் பெரெம்புவான், மகள். அதே முறைதான். தலைமுறைக்குத் தலைமுறை பெயர் மாறிக்கொண்டே போகும். நம்மைப் போலவே அவர்களுக்கும் அதில் ஒரு குறையும் தோன்றவில்லை.

1536-இல் எட்டாம் ஹென்றி மன்னன் காலத்துச் சட்டம் வேல்ஸ் நாட்டை இங்கிலாந்தோடு இணைத்தது. நீதிமன்றத்திலும் அலுவலகத்திலும் ஆங்கிலம் வந்து அமர்ந்தது. ஏட்டை விரித்து வைத்துக்கொண்டிருந்த எழுத்தருக்கு ஒரு நிலையான குடும்பப் பெயர் வேண்டும். 'ஆப் ரீஸ்' என்று வந்தவர் சொல்ல, காதில் விழுந்தபடி எழுதியதில் அது பிரைஸ் ஆயிற்று. ஆப் ஹவல், பவல் ஆயிற்று. ஆப் ரிச்சர்ட், பிரிச்சர்ட். ஆப் ஹாரி, பாரி. ஓவன் மகன், போவன். ஈவான் மகன், பெவன். மகன் என்ற சொல் தேய்ந்து, தகப்பன் பெயரின் தலையில் ஒரே ஓர் எழுத்தாக ஒட்டிக்கொண்டது. இந்த மாற்றம் ஒரே நாளில் நடக்கவில்லை. மேட்டுக்குடியினர் முதலில் மாறினார்கள். மலைக் கிராமத்து ஏழைகள் பழைய முறையைப் பல தலைமுறை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தார்கள். மகளைக் குறிக்கும் சொல் மட்டும் ஓர் எழுத்தாகக்கூட மிஞ்சவில்லை.

அந்தப் பெவன் குடும்பங்களில் ஒன்றில், நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி ஒருவருக்கு 1897-இல் பிறந்தவர் அனாய்ரின் பெவன். சிறுவயதிலேயே படிப்பை விட்டுச் சுரங்கத்தில் இறங்கியவர். அவரே பின்னாளில் சுகாதார அமைச்சராகி, 1948-ஆம் ஆண்டு ஜூலை 5-ஆம் நாள், பிரிட்டனில் ஏழை பணக்காரர் எல்லாருக்கும் கட்டணமில்லாத மருத்துவம் என்ற திட்டத்தைத் தொடங்கி வைத்தார். பெவன் என்ற பெயரைக் கேட்கும்போதெல்லாம் ஈவான் மகன் என்று பிரித்துப் பாருங்கள். எழுத்தர் விழுங்கியது போக மிஞ்சியது தெரியும்.

வேல்ஸ்காரர்களுக்கு இதனால் ஒரு தொல்லையும் வந்தது. தகப்பன் பெயர்கள் சில மட்டுமே இருந்ததால் ஊர் முழுவதும் ஜோன்ஸ், டேவிஸ், வில்லியம்ஸ் என்றே நிறைந்துவிட்டது. குழப்பத்தைத் தீர்க்கக் குடும்பப் பெயர் வந்தது; குடும்பப் பெயரே குழப்பம் ஆயிற்று. பிறகென்ன, பால் ஜோன்ஸ், தபால் ஜோன்ஸ் என்று பழையபடி தொழிலைச் சேர்த்துக் கூப்பிடத் தொடங்கினார்கள்.

தொழிலால் வந்த பெயர்கள்தாம் எனக்கு மிகவும் பிடித்தவை. ஆங்கிலமும் ஜெர்மன் மொழியும் தமிழும் மலையாளமும் போல ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகள். ஆகவே இரண்டு நாட்டுத் தொழிற்பெயர்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் முகச்சாயல் தெரிந்துவிடும். கொல்லர் ஆங்கிலத்தில் ஸ்மித், ஜெர்மனில் ஷ்மிட். மாவரைக்கும் ஆலைக்காரர் அங்கே மில்லர், இங்கே முல்லர். ரொட்டி சுடுபவர் பேக்கர், பெக்கர். செம்மறி மேய்ப்பவர் ஷெப்பர்ட், ஷேபர். மீன் பிடிப்பவர் இரண்டிலுமே பிஷர். சிங்கர் என்றால் இரண்டு மொழியிலும் பாடுபவர். தையல் இயந்திரத்தில் இருப்பது பாட்டுக்காரர் பெயர். செப்பாங் ஓட்டப்பாதையில் 2000-ஆம் ஆண்டில் காரோட்டி வென்ற மைக்கேல் ஷுமாக்கரின் பெயருக்கு, செருப்புத் தைப்பவர் என்று பொருள். காசநோய்க்குக் காரணமான கிருமியைக் கண்டு 1882-இல் உலகுக்கு அறிவித்த ஜெர்மன் மருத்துவர் ராபர்ட் கோக். கோக் என்றால் சமையற்காரர்.

இங்கிலாந்தில் மிகுதியாக உள்ள குடும்பப் பெயர் ஸ்மித். ஜெர்மனியில் முல்லர். காரணம் எளிது. கலப்பைக்குக் கொழு, குதிரைக்கு இலாடம், கதவுக்குக் கீல் எல்லாம் செய்யக் கொல்லர் இல்லாத கிராமம் கிடையாது. மாவாலையும் அப்படியே. ஆனால் ஊருக்கு ஒருவர் இருவர்தானே இருந்திருப்பார்கள், ஊரில் பாதிப் பேர் உழவர்களாயிற்றே, அப்படியானால் உழவர் என்ற பெயரல்லவா பெருகியிருக்க வேண்டும் என்று கேட்பீர்கள். இங்கேதான் நுட்பம் இருக்கிறது. எல்லாரும் பால்மரம் வெட்டும் தோட்டத்தில் 'மரம் வெட்டும் முனியாண்டி' என்று கூப்பிட்டு என்ன பயன்? நூறு பேர் திரும்பிப் பார்ப்பார்கள். ஊருக்கு ஒருவராக இருக்கும் தொழில்தான் அடையாளமாகும். அதனால்தான் இங்கிலாந்தில் உழவர் என்று பொருள்படும் குடும்பப் பெயர் மிகக் குறைவு. கொல்லர் பெயரோ நாடெங்கும்.

நம் தோட்டத்து அலுவல்களும் அந்தப் பெயர்களில் இருக்கின்றன. கிளார்க் என்றால் எழுத்துப் படித்தவர், கணக்கெழுதுபவர். நமக்கு அவர் கிராணி. மையர் என்ற ஜெர்மன் பெயரைப் பல விதமாக எழுத்துக் கூட்டுவார்கள். அது ஜெர்மனியில் மிக அதிகமாக வழங்கும் பெயர்களில் ஒன்று. பிரபுவின் நிலத்தை அவருக்காக நிர்வகித்து, குடியானவர்களை வேலை வாங்கியவரே மையர். அவரை மண்டோர் என்பதா, பெரிய கிராணி என்பதா என்பதை உங்கள் தீர்ப்புக்கே விடுகிறேன். ஷுல்ஸ் என்பவர் கிராமத் தலைவர். செலுத்த வேண்டிய வரியையும் கடமையையும் மக்களைச் செலுத்த வைப்பது அவர் வேலை.

பெண்கள் செய்த தொழிலும் பெயரில் பதிந்திருக்கிறது. ஆங்கிலத்தில் 'ஸ்டர்' என்று முடிந்தால் முதலில் அது பெண்ணைக் குறித்தது. பேக்கர் ரொட்டி சுடும் ஆண், பேக்ஸ்டர் ரொட்டி சுடும் பெண். வெப்ஸ்டர் நெசவு செய்யும் பெண். பிறகு அந்த வேறுபாடு மங்கி, ஆண்களையும் அப்படியே அழைத்தார்கள்.

அடுத்து, இடப்பெயர். பிரேசில் நாட்டிலிருந்து 1876-இல் எழுபதாயிரம் ரப்பர் விதைகளை இலண்டனுக்குக் கொண்டு சேர்த்தவர் ஹென்றி விக்கம். அந்த விதையில் முளைத்த கன்றுகள் மறு ஆண்டு சிங்கப்பூர் வந்தன. விக்கம் என்பது தென் இங்கிலாந்தில் பல சிற்றூர்களின் பெயர். அதன் கடைசியிலுள்ள 'ஹம்' என்பதற்குக் குடியிருப்பு என்று பொருள். நம் முன்னோர் பலர் கப்பல் விட்டு இறங்கிய துறைமுகம், 1972-இல் கிள்ளான் துறைமுகம் என்று பெயர் மாறுவதற்கு முன்னே போர்ட் சுவெட்டன்ஹம். அதிலும் அதே 'ஹம்'. மரத்தைச் சாகடிக்காமல் பால் எடுக்கும் முறையைச் சிங்கப்பூர்ப் பூங்காவில் ஆராய்ந்து கண்டவர் ரிட்லி. 'லி' என்று முடியும் ஆங்கிலப் பெயர்களில் பெரும்பாலானவை, காட்டின் நடுவே மரம் வெட்டித் திருத்திய வெளியைக் குறிப்பவை. ஸ்டான்லி, ஆஷ்லி, பிராட்லி எல்லாம் அப்படியே. காடழித்துத் தோட்டம் போட வழிகாட்டியவர் பெயரிலேயே காடழித்த வெளி இருந்தது. டார்பி என்பது டெர்பி என்னும் ஊர்; மான்கள் இருந்த ஊர் என்று பொருள். டன்லப், கத்ரி இரண்டும் ஸ்காட்லாந்து ஊர்கள். ஜெர்மன் இசைமேதை பாக் பெயருக்கு ஓடை என்று பொருள். பாயர் என்ற மருந்துக் கம்பெனியின் பெயருக்கு பவேரியா நாட்டான் என்று பொருள்.

ஒருவனுக்கு ஊர்ப்பெயர் எப்போது ஒட்டும்? ஊரிலேயே இருப்பவனை அந்த ஊரான் என்று யாரும் சொல்வதில்லை. அங்கே எல்லாரும் அந்த ஊரார்தாம். ஊரை விட்டு வேறிடம் போனவனைத்தான் 'சேலத்தான்', 'தஞ்சாவூரான்' என்போம். ஜெர்மனியிலும் அதே கதை. 1949 முதல் 1963 வரை மேற்கு ஜெர்மனியின் தலைமை அமைச்சராக இருந்த அடினாவர் பெயருக்கு, அடினாவ் என்ற சிற்றூர்க்காரர் என்று பொருள். அவருடைய மூதாதை யாரோ அந்த ஊரை விட்டுப் புறப்பட்டவர் என்பதற்கு அந்தப் பெயரே சான்று. இப்படி ஊர்ப்பெயர் தாங்கிய குடும்பங்கள் பலவும், என்றோ ஒரு நாள் மூட்டை கட்டிக்கொண்டு பிழைக்கப் புறப்பட்டவர்களின் வழித்தோன்றல்கள்.

வீட்டுக்கு எண் இல்லாத காலத்தில் வாசலில் ஓர் அடையாளம் தொங்கும். பிராங்பர்ட் நகரில் சிவப்புக் கேடயம் தொங்கிய வீட்டுக்காரர்கள் ராத்சைல்டு ஆனார்கள். பின்னர் ஐரோப்பிய அரசர்களுக்கே கடன் கொடுத்தார்கள்.

பட்டப்பெயர்களுக்கு வெகுதூரம் போக வேண்டாம், கேமரன் மலைக்குப் போனால் போதும். 1885-இல் அந்த மலைப்பகுதியை அளந்த வில்லியம் கேமரனின் குடும்பப் பெயர் ஸ்காட்லாந்து மொழியில் கோணல் மூக்கு என்று பொருள்படும் என்பார்கள். அங்கே 1929-இல் போ தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கியவர் ரசல். ரசல் என்றால் செம்பட்டைத் தலையர். ஆகக் கோணல் மூக்கர் மலையில் செம்பட்டைத் தலையர் போட்ட தேயிலையைத்தான் நாம் குடித்துக்கொண்டிருக்கிறோம். ஜெர்மனியிலும் குறைவில்லை. கிளைன் என்றால் குட்டையர், கிரவுஸ் என்றால் சுருட்டை முடியர். 1982 முதல் 1998 வரை ஜெர்மனியை ஆண்ட ஹெல்முட் கோல் பெயருக்கு முட்டைக்கோசு என்று பொருள். கோசு பயிரிட்டவர் அல்லது விற்றவர் வழி வந்திருக்கலாம். குட்இயர் என்றால் நல்ல ஆண்டு. அந்தச் சொல்லை வாய்க்கு வாய் சொன்னவருக்கு வைத்த பட்டம் என்று கருதுகிறார்கள். ரப்பரைக் கந்தகத்தோடு சேர்த்துக் காய்ச்சி உறுதியாக்கும் வழியை 1839-இல் கண்ட சார்ல்ஸ் குட்இயருக்கு நல்ல ஆண்டு ஒன்றும் வாய்க்கவில்லை. கடனாளியாகவே 1860-இல் இறந்தார். அவர் இறந்து முப்பத்தெட்டு ஆண்டு கழித்து வேறு யாரோ தொடங்கிய கம்பெனி அவர் பெயரை வைத்துக்கொண்டது.

ஒரு பெயரை மாற்றிக்கொள்வது அவரவர் விருப்பம் என்று தோன்றும். எப்போதும் அப்படியல்ல. முதல் உலகப் போரில் இங்கிலாந்தும் ஜெர்மனியும் மோதியபோது, இங்கிலாந்து மன்னர் குடும்பத்துக்கே ஜெர்மன் பெயர் இருந்தது பெரிய சங்கடம் ஆயிற்று. 1917-இல் ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் அதைக் கைவிட்டு விண்ட்சர் என்று தம் கோட்டையின் பெயரையே குடும்பப் பெயராக்கினார். அவருடைய உறவினரான பாட்டன்பெர்க் குடும்பம் இன்னும் சாமர்த்தியம் செய்தது. ஜெர்மனில் பெர்க் என்றால் மலை. அதை ஆங்கிலத்தில் 'மவுண்ட்' என்று மொழிபெயர்த்து முன்னால் போட்டு, மவுண்ட்பாட்டன் ஆக்கிவிட்டார்கள். அந்தக் குடும்பத்து மவுண்ட்பாட்டன் பிரபுதான் 1945-ஆம் ஆண்டு செப்டம்பர் 12-ஆம் நாள் சிங்கப்பூரில் ஜப்பானியரின் சரணாகதியை ஏற்றுக்கொண்டவர்.

மன்னருக்குப் பெயரை மாற்றும் உரிமை இருந்தது. ஜெர்மன் நாடுகளில் வாழ்ந்த யூதர்களுக்கு அது இல்லை. அவர்களில் பெரும்பாலோர் நம்மைப் போலத் தகப்பன் பெயரையே சேர்த்து வழங்கிவந்தார்கள். மெண்டல் என்பவரின் மகனான தத்துவ அறிஞர் மோசஸ், மெண்டல்சன் ஆனது அப்படித்தான். 1787-இல் ஆஸ்திரியப் பேரரசரும், 1808-இல் நெப்போலியனும், 1812-இல் பிரஷ்ய அரசும் அடுத்தடுத்துக் கட்டளையிட்டார்கள்: யூதர்கள் நிலையான குடும்பப் பெயர் வைத்துக்கொண்டே தீர வேண்டும். வரிக்கும் பட்டாளத்துக்கும் ஆள் கணக்கு வேண்டியிருந்தது. பிரஷ்யாவில் அதோடு சில குடியுரிமைகளும் கிடைத்தன என்பதையும் சொல்ல வேண்டும். பலர் பூவும் பொன்னுமாகப் பெயர் தேடிக்கொண்டார்கள். ரோசன்பெர்க், ரோஜா மலை, கோல்ட்பெர்க், பொன்மலை. கையூட்டுக் கொடுத்தவருக்கு அழகான பெயரும், கொடுக்காதவருக்கு அசிங்கமான பெயரும் அதிகாரிகள் வைத்தார்கள் என்று கதைகள் உண்டு. ஆராய்ந்தவர்கள் அவற்றை அப்படியே நம்புவதில்லை.

ஆனால் பின்னர் நடந்தது கதை அல்ல. 1938 ஆகஸ்டில் ஹிட்லர் ஆட்சி ஒரு சட்டம் போட்டது. அரசு அனுமதித்த பட்டியலில் இல்லாத முதற்பெயர் கொண்ட யூத ஆண்கள் எல்லாரும் 1939 ஜனவரி முதல் நாளிலிருந்து தம் பெயரோடு 'இஸ்ரேல்' என்றும், பெண்கள் எல்லாரும் 'சாரா' என்றும் சேர்த்துக்கொள்ள வேண்டும். பெற்றவர்கள் ஆசையாய் வைத்த பெயருக்குப் பக்கத்தில் அரசாங்கம் எழுதிய இன்னொரு பெயர். இலட்சக்கணக்கான பெண்களுக்கு ஒரே பெயர். கடவுச்சீட்டிலும் அடையாள அட்டையிலும் அதைப் பார்த்தவுடன் இன்னார் என்று பிரித்தெடுக்கலாம். பிரித்தெடுத்து என்ன செய்தார்கள் என்பது உலகத்துக்குத் தெரியும்.

ஐரோப்பாவில் குடும்பப் பெயர் வலையில் பெரும்பாலும் சிக்காமலே தப்பிய ஒரு நாடு ஐஸ்லாந்து. அங்கே இன்றும் மகனுக்குத் தகப்பன் பெயரோடு மகன் என்றும், மகளுக்கு மகள் என்றும் சேர்த்து எழுதுகிறார்கள். அண்ணனுக்கும் தங்கைக்கும் கடைசிப் பெயர் வேறு. தொலைபேசிப் புத்தகத்தில்கூட முதற்பெயரை வைத்தே வரிசைப்படுத்தினார்கள். எந்த அரசாங்க வேலையும் அதனால் நின்றுபோனதாகத் தெரியவில்லை.

1983-க்குப் பிறகு இலங்கையிலிருந்து போரால் துரத்தப்பட்ட தமிழர் பலர் ஜெர்மனிக்குப் போய்ச் சேர்ந்தார்கள். அங்கே அகதிப் பதிவு அலுவலகத்தில் பாரத்தில் இரண்டு கட்டங்கள்: முதற்பெயர், குடும்பப் பெயர். குடும்பப் பெயருக்கு எங்கே போவது? தகப்பன் பெயரை எழுதினார்கள். பிள்ளை பிறந்தது. பிள்ளைக்கும் அதே குடும்பப் பெயர். ஊரில் வயல் உழுதுகொண்டிருந்த சிவலிங்கம் என்ற தாத்தாவின் பெயர், ஜெர்மன் பள்ளிக்கூடத்து வருகைப் பதிவேட்டில் முல்லருக்கும் ஷ்மிட்டுக்கும் நடுவே வந்து உட்கார்ந்துவிட்டது. அந்தப் பிள்ளைகளும் வளர்ந்து இப்போது பெற்றோர் ஆகிவிட்டார்கள். அவர்களுடைய குழந்தைகளின் பிறப்புப் பத்திரத்திலும் அதே சிவலிங்கம்தான்.